கியாரோஸ்தமியின் '24 ஃபிரேம்ஸ்': கேள்வி பதில்

ஈரான் இயக்குநர் அப்பாஸ் கியாரோஸ்தமியின் கடைசிப் படம் பற்றி வந்த கேள்விகளுக்கு என் பதில்கள்.

கேள்வி: சார், இதில் கதை உண்டா?

பதில்: கிடையாது. அசையாத படம் ஒன்று மெல்ல உயிர்பெறுவதுதான் ஒவ்வொரு காட்சியும். அப்படி 24 காட்சிகள், ஒவ்வொன்றும் சுமார் நாலரை நிமிடம். கேமரா நகராது. கதைக்காகக் காத்திருந்தால் தூக்கம்தான் வரும். தூங்க வைக்கும் படங்கள் தனக்குப் பிடிக்கும் என்று சொன்ன மனிதர்தான் அவர்!

கேள்வி: 24ம் புகழ்பெற்ற ஓவியங்களா?

பதில்: முதல் காட்சி மட்டும்தான். பீட்டர் புரூகல் 1565இல் வரைந்த 'பனியில் வேடர்கள்'. ஓவியங்களை வைத்துத்தான் ஆரம்பித்தார். அப்புறம், தானே எடுத்த புகைப்படங்களுக்குப் போய்விட்டார்.

கேள்வி: அண்ணா, அந்த முதல் காட்சியில் அவ்வளவு நேரம் என்னத்தைப் பார்ப்பது? இரண்டாவது நிமிடத்திலேயே ஓட்டிவிட்டேன்.

பதில்: அவசரப்பட்டுவிட்டீர்கள். முதலில் ஓவியம் சும்மா நிற்கும். பிறகு ஒரு புகைபோக்கியிலிருந்து புகை எழும், கண் அங்கே ஓடும். பனி விழும், காக்கை கரையும், நாய் ஒன்று மோப்பம் பிடித்துத் திரியும், மாடுகள் வரும்.

கையை நீட்டிக் கட்டைவிரல் நகத்தைப் பாருங்கள். ஒரு நேரத்தில் கண்ணுக்குத் துல்லியமாகத் தெரிவது ஏறக்குறைய அந்த நகத்தளவு இடம்தான். சுற்றியுள்ளதெல்லாம் மங்கல். ஆனால் மங்கலான ஓரத்தில் ஏதாவது அசைந்தால் போதும், கண் உடனே திரும்பிவிடும். கியாரோஸ்தமி பிடித்து இழுப்பது அந்த ஓரப்பார்வையைத்தான். நாயின் பின்னாலேயே போய், தலைப்பில் இருக்கும் வேடர்களை மறந்துவிடுகிறோம். மூவரும் எடுத்த கால் எடுத்தபடியே நிற்பது எனக்கு இரண்டாம் முறை பார்த்தபோதுதான் உறைத்தது.

கேள்வி: எல்லாம் கிராஃபிக்ஸ்தானே, இதில் என்ன பெருமை?

பதில்: கிராஃபிக்ஸ்தான். பறவை, விலங்கு, பனி என்று அடுக்கடுக்காகச் சேர்த்திருக்கிறார்கள். சில இடங்களில் ஒட்டுப் போட்டது தெரியவும் தெரியும். 'இது நிஜமா, ஒட்டா?' என்று நாம் உற்றுப் பார்க்கிறோமே, எனக்குப் பிடித்தது அந்தச் சந்தேகம்தான்.

கேள்வி: படத்தை அவர்தான் முடித்தாரா?

பதில்: இல்லை. 2016 ஜூலையில் இறந்துவிட்டார். மகன் அகமது முடித்துக் கொடுக்க, 2017இல் கான் திரைப்பட விழாவில் திரையிட்டார்கள்.

கேள்வி: இதுபோல வேறு படம்?

பதில்: லெக் மஜேவ்ஸ்கியின் 'தி மில் அண்ட் தி கிராஸ்' (2011). அதுவும் புரூகல் ஓவியம்தான், ஆனால் ஆட்கள் நடமாடுவார்கள். எட்வர்ட் ஹாப்பரின் 13 ஓவியங்களைச் செட் போட்டு எடுத்த 'ஷெர்லி'யும் (2013) உண்டு. எதையும் போனில் பார்க்காதீர்கள், புகை எழுவதே தெரியாது.