டிரிப்டமின் என்றாலே போதையா? வாசகர் கேள்விகளும் பதில்களும்

போதைப்பொருள் பிடிபட்ட செய்திகளில் இப்போதெல்லாம் 'டிரிப்டமின்' என்ற சொல் தலைகாட்டுகிறது. அதைப் படித்துவிட்டு மதுரையிலிருந்தும் சுற்றுப்பக்கத்து ஊர்களிலிருந்தும் பலர் கேள்வி அனுப்பியிருக்கிறார்கள். சிலது பாடம், சிலது வீட்டுக் கவலை. கல்லூரியில் கரிம வேதியியல் நடத்தியவன் என்ற முறையில் பதில் சொல்கிறேன். மருந்தை நிறுத்துவதா மாற்றுவதா என்பதை மட்டும் உங்கள் டாக்டரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

டிரிப்டமின் என்பது ஒரு பொருளின் பெயரா, ஒரு வகையின் பெயரா? பாடப்புத்தகத்தில் ஒரு மாதிரியும் செய்தியில் வேறு மாதிரியும் இருக்கிறதே சார்?
(எம்.எஸ்சி. மாணவி, பசுமலை)

இரண்டும்தான் அம்மா. குழப்பமே அங்கேதான் ஆரம்பிக்கிறது.

முதலில் பொருள். பென்சீன் வளையத்தோடு, நைட்ரஜன் உள்ள ஐந்து அணு வளையம் ஒன்று ஒட்டிக்கொண்டால் அது இண்டோல். அந்த இண்டோலின் மூன்றாவது இடத்திலிருந்து இரண்டு கார்பன் நீளத்துக்கு ஒரு வால், வாலின் நுனியில் ஓர் அமின், அதாவது நைட்ரஜன் உள்ள ஒரு தொகுதி. இரண்டு குழி உள்ள பணியாரச் சட்டிக்குக் கைப்பிடி வைத்த மாதிரி. இவ்வளவுதான் டிரிப்டமின். நாம் சாப்பிடும் புரதத்தில் டிரிப்டோபான் என்ற அமினோ அமிலம் இருக்கிறது. அதிலிருந்து ஒரு கார்பன் டை ஆக்சைடு கழன்றால் கிடைப்பது இதுதான். நம் குடலில் வாழும் பாக்டீரியாக்கள் சிலவும் இதைச் செய்கின்றன. உடம்பில் அதிக நேரம் நிற்காது, மோனோஅமின் ஆக்சிடேஸ் என்ற நொதி சீக்கிரமே சிதைத்துவிடும்.

இந்த எலும்புக்கூட்டை வைத்துக்கொண்டு அங்கங்கே ஓர் ஆக்சிஜனையோ மீத்தைலையோ (ஒரு கார்பனும் மூன்று ஹைட்ரஜனும் சேர்ந்த தொகுதி) கூட்டினால் வருகிற எல்லாவற்றையும் சேர்த்து 'டிரிப்டமின்கள்' என்பார்கள். நரம்புகளுக்கு இடையே செய்தி கடத்தும் செரட்டோனின் ஒரு டிரிப்டமின். இரவானால் மூளையில் சுரக்கும் மெலட்டோனினும் ஒரு டிரிப்டமின்தான். மாயக்காளானில் இருக்கும் சைலோசிபினும் அதே குடும்பம். ஆக, ஒருமையில் சொன்னால் ஒரு மூலக்கூறு, பன்மையில் சொன்னால் பெரிய குடும்பம். செய்தியில் ஒருமையைப் போட்டுவிட்டுப் பன்மையைச் சொல்ல வருகிறார்கள்.

அந்த இண்டோல் வளையத்தை நீங்கள் மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டில் நின்றாலே மூச்சில் இழுக்கலாம். மல்லிகை வாசனையில் இண்டோலுக்கும் பங்குண்டு. 2013-ல் புவிசார் குறியீடு வாங்கிய நம் மதுரை மல்லியும் அதற்கு விலக்கில்லை. செறிவாக இருந்தால் நாற்றம், மலத்தின் வாடையிலும் இதே இண்டோல்தான். துளியளவில் இருந்தால் பூ. வகுப்பில் பையன்கள் நம்பமாட்டார்கள், பாட்டிலைத் திறந்து காட்டத்தான் வேண்டும்.

பெயருக்கு முன்னால் வரும் 4, 5, என்,என் எல்லாம் எதைக் குறிக்கின்றன? மனப்பாடம் செய்வதைத் தவிர வழி இல்லையா?
(பி.ஃபார்ம். மாணவர், திருமங்கலம்)

மனப்பாடமே வேண்டாம் தம்பி. இண்டோலில் நைட்ரஜன் 1. அங்கிருந்து ஐந்து அணு வளையத்தின் வழியாக 2, 3 என்று எண்ணிப் போங்கள். 3-ல் வால். 4 முதல் 7 வரை பென்சீன் பக்கம். 'என்' என்று வந்தால் வால் நுனி நைட்ரஜன், 'என்,என்-டைமீத்தைல்' என்றால் அந்த நைட்ரஜனில் இரண்டு மீத்தைல்.

இப்போது படித்துப் பாருங்கள். செரட்டோனின் 5-ஹைட்ராக்சிடிரிப்டமின். மெலட்டோனின் என்-அசிட்டைல்-5-மெத்தாக்சிடிரிப்டமின். மாயத்தோற்றம் தரும் டி.எம்.டி. என்பது என்,என்-டைமீத்தைல்டிரிப்டமின். ரிச்சர்ட் மான்ஸ்கே 1931-லேயே இதைச் செய்துவிட்டார். ஆனால் அது மனத்தை என்ன செய்கிறது என்பது 1956-ல் ஹங்கேரியில் ஸ்டீபன் சாரா தனக்கே ஊசி போட்டுப் பார்த்த பிறகுதான் தெரிந்தது. கால் நூற்றாண்டு அலமாரியில் தூங்கிய பொருள்!

எண் எவ்வளவு முக்கியம் என்பதற்கு எனக்குப் பிடித்த ஜோடி ஒன்று உண்டு: சைலோசிபின் உடம்பில் மாறி உண்டாகும் சைலோசினும், சில தேரைகளின் தோலில் இருக்கும் புஃபோட்டெனினும். இரண்டுக்கும் ஒரே வாய்பாடு, 12 கார்பன், 16 ஹைட்ரஜன், 2 நைட்ரஜன், ஓர் ஆக்சிஜன். இரண்டிலும் வால் நுனியில் இரண்டு மீத்தைல். ஒரே வித்தியாசம், ஹைட்ராக்சி (ஓர் ஆக்சிஜனும் ஒரு ஹைட்ரஜனும் சேர்ந்த தொகுதி) முதலாவதில் 4-ல், இரண்டாவதில் 5-ல். நான்கில் இருக்கும்போது அது வளைந்து வரும் வாலின் நைட்ரஜனோடு ஹைட்ரஜன் பிணைப்பு போட்டுக்கொள்ள முடிகிறது. அதனால் மூலக்கூறின் நீர் நாட்டம் குறைந்து மூளைக்குள் சுலபமாகப் போகிறது என்பது பரவலாகச் சொல்லப்படும் விளக்கம். ஐந்தில் இருப்பதற்கு அந்த வசதி இல்லை. தேர்வில் இதைக் கேட்டால் சந்தோஷமாக எழுதுங்கள்.

எல்.எஸ்.டி., எம்.டி.எம்.ஏ., மெத்தம்பெட்டமின் எல்லாவற்றையும் 'டிரிப்டமின் வகை' என்று எழுதலாமா?
(உள்ளூர் நிருபர், மதுரை)

கூடாது. 'மின்' என்ற முடிவு, உள்ளே ஓர் அமின் நைட்ரஜன் இருக்கிறது என்பதை மட்டும்தான் சொல்கிறது. அதை வைத்து உறவு கொண்டாட முடியாது.

எம்.டி.எம்.ஏ., மெத்தம்பெட்டமின் இரண்டும் ஃபினெத்தைலமின் குடும்பம். அதில் இண்டோல் கிடையாது, ஒற்றை பென்சீன் வளையம்தான். டோபமின், அட்ரினலின் எல்லாம் அந்த வீட்டுப் பிள்ளைகள். ஆர்தர் ஹெஃப்டர் 1897-ல் பெயோட்டி கள்ளியிலிருந்து பிரித்தெடுத்த மெஸ்கலினும் அங்கேதான் சேரும். எல்.எஸ்.டி. கொஞ்சம் சிக்கல். அதன் நான்கு வளையச் சட்டத்துக்குள் ஒரு டிரிப்டமின் புதைந்துதான் இருக்கிறது. அதனால் சில நூல்கள் டிரிப்டமினோடு சேர்ப்பார்கள். ஆனால் லைசர்ஜமைடு என்று தனியாகச் சொல்வதுதான் வழக்கம். ஆல்பர்ட் ஹாஃப்மன் 1938-ல் அதைத் தயாரித்தார், 1943-ல் அதன் விளைவைக் கண்டார். 1958-ல் காளானிலிருந்து சைலோசிபினைப் பிரித்தெடுத்தவரும் அவரே.

'சைக்கடெலிக்' என்பது வேறு கணக்கு. மாயத்தோற்றம் தரும் பொருள்களுக்கு ஹம்ப்ரி ஆஸ்மண்ட் என்ற மனநல மருத்துவர் 1950-களில் உண்டாக்கிய பெயர் அது. ஒரு பொருள் மனத்தில் என்ன செய்கிறது என்பதை வைத்து வந்தது. டிரிப்டமின் என்பது அமைப்பை வைத்து வந்த பெயர். மெஸ்கலின் சைக்கடெலிக், ஆனால் டிரிப்டமின் இல்லை. மெலட்டோனின் டிரிப்டமின், ஆனால் சைக்கடெலிக் இல்லை. செய்தியில் பொருளின் பெயரையே எழுதிவிடுங்கள், வம்பே இல்லை. சட்டமும் அப்படித்தான் போகிறது. 1985-ஆம் ஆண்டின் போதைப்பொருள் மற்றும் மனமயக்கப் பொருள்கள் சட்டம் எல்.எஸ்.டி., டி.எம்.டி., சைலோசிபின், மெஸ்கலின் என்று ஒவ்வொன்றாகப் பட்டியல் போடுகிறது. டிரிப்டமின் குடும்பத்தையே தடை செய்தால் செரட்டோனினை வைத்திருப்பதற்காக நாம் அத்தனை பேரும் உள்ளே போக வேண்டியதுதான்.

மகளுக்கு ஒற்றைத் தலைவலி. டாக்டர் சுமட்ரிப்டான் மாத்திரை எழுதியிருக்கிறார். போனில் தேடினால் டிரிப்டமின், டி.எம்.டி. என்றெல்லாம் வருகிறது. பயமாக இருக்கிறது ஐயா.
(தாய், அண்ணாநகர், மதுரை)

நீங்கள் தேடிப் பார்த்தது தப்பில்லை, கிடைத்த தகவலும் பொய்யில்லை. சுமட்ரிப்டானின் உடம்பு டி.எம்.டி.யின் உடம்புதான். ஐந்தாவது இடத்தில் கந்தகம் உள்ள ஒரு தொகுதி கூடுதலாகத் தொங்குகிறது. ஆனால் அந்த ஒரு தொங்கலால் போக்கே மாறிவிடுகிறது.

செரட்டோனின் வந்து உட்காரும் இடங்களை ஏற்பிகள் என்கிறோம். அவற்றில் பல வகை உண்டு. மாயத்தோற்றம் தரும் டிரிப்டமின்கள் முக்கியமாக 2ஏ என்ற ஏற்பியைத் தூண்டுகின்றன. சுமட்ரிப்டான் நாடுவது 1பி, 1டி ஏற்பிகளை. தலையில் விரிந்த ரத்தக்குழாய்களைச் சுருக்கி, வலிச் செய்தியைக் கடத்தும் நரம்பு முனைகளை அடக்குகிறது. மூளைக்குள் அது அவ்வளவாகப் போவதும் இல்லை. மகளுக்குப் போதையும் ஏறாது, மாயத்தோற்றமும் வராது. மாத்திரை போட்டதும் கழுத்திலோ மார்பிலோ ஓர் இறுக்கம், உடம்பில் ஒரு கூச்சம் சிலருக்கு வரும். அப்படி வந்தால் டாக்டரிடம் சொல்லிவிடுங்கள்.

நீங்கள் கவனிக்க வேண்டியது வேறு. இதய நோய், பக்கவாதம், கட்டுக்கடங்காத ரத்த அழுத்தம் இருப்பவர்களுக்கு இந்த மாத்திரை ஆகாது. மனச்சோர்வுக்கு மாத்திரை சாப்பிட்டுக்கொண்டிருந்தால் அதையும் முன்கூட்டியே டாக்டரிடம் சொல்ல வேண்டும். இன்னொன்று, மாதத்தில் பத்து நாளோ அதற்கு மேலோ இதைப் போடும்படி ஆனால் மாத்திரையே தலைவலிக்குக் காரணமாகிவிடும். காலண்டரில் குறித்து வையுங்கள்.

ராத்திரி பால் குடித்தால் டிரிப்டோபான், அதனால் தூக்கம் என்கிறார்களே?
(ஓய்வு பெற்ற ஆசிரியர், மேலூர்)

பாலில் டிரிப்டோபான் உண்டு, அது செரட்டோனினாகி மெலட்டோனினாகும் என்பதும் சரி. ஆனால் மூளைக்குள் நுழைய அது மற்ற அமினோ அமிலங்களோடு முட்டிமோத வேண்டும். ஒரு டம்ளர் பாலில் பெரிதாக எதுவும் நடந்துவிடாது. சூடாகக் குடித்துவிட்டு போனை ஓரமாக வைப்பதால் வரும் தூக்கம் அது. குடியுங்கள்.

எங்கள் கம்பங்கதிரில் பூக்கும்போது பிசின் மாதிரி ஒழுகி, பிறகு மணி இருக்க வேண்டிய இடத்தில் கறுப்பாக ஒன்று வருகிறது. எல்.எஸ்.டி. இதிலிருந்துதான் எடுக்கிறார்கள் என்று ஒரு பையன் சொல்கிறான். நிஜமா?
(விவசாயி, பேரையூர்)

பையன் பாதி தூரம் சரியாக வந்திருக்கிறான். உங்கள் வயலில் இருப்பது தேன் ஒழுகல் நோய், எர்காட் பூஞ்சையால் வருவது. பூக்கும் சமயத்தில் மூட்டமும் தூறலுமாக இருந்தால் கிளம்பும். எல்.எஸ்.டி.யின் மூலமான லைசர்ஜிக் அமிலம் ஐரோப்பாவில் ரை தானியத்தில் வரும் எர்காட்டிலிருந்து தெரிய வந்தது. கம்பில் வரும் பூஞ்சை அதன் பங்காளி, அதே இனம் இல்லை. இது உண்டாக்குவது கிளாவின் என்ற ஆல்கலாய்டுகளை (நைட்ரஜன் உள்ள இயற்கைப் பொருள்கள்). வளைய அமைப்பில் சாயல் இருக்கும், வேலை வேறு. கலந்த கம்பைச் சாப்பிட்டால் குமட்டல், வாந்தி, தலைசுற்றல், அசதி. வட இந்தியாவில் கம்பு உண்ணும் பகுதிகளில் ஊரே படுத்த சம்பவங்கள் உண்டு.

விதைக்கு முன்பு 10 லிட்டர் தண்ணீரில் ஒரு கிலோ உப்பைக் கரைத்து விதையைப் போடுங்கள். கறுப்பு உருண்டைகள் மிதக்கும், அள்ளி எறிந்துவிட்டு விதையை நல்ல தண்ணீரில் இரண்டு மூன்று முறை கழுவி நிழலில் காயவையுங்கள். உப்பு ஒட்டியிருந்தால் முளைப்பு கெடும். நோய் பட்ட கதிரை மாட்டுக்கும் போடாதீர்கள்.

இதே எர்காட் வழியில் வந்த ஒரு லைசர்ஜமைடு நல்ல காரியமும் செய்கிறது. மெத்தில் எர்கோமெட்ரின், பிரசவத்துக்குப் பின் ரத்தப்போக்கை நிறுத்தப் போடும் ஊசி. பிரசவ வார்டு ஃபிரிட்ஜில் வெளிச்சம் படாமல் வைத்திருப்பார்கள். ரத்த அழுத்தம் அதிகம் உள்ள தாய்க்குப் போடமாட்டார்கள்.

காலேஜ் படிக்கும் மகன் நண்பர்களோடு கொடைக்கானல் போய் காளான் சாப்பிட்டிருக்கிறான். கேட்டால், 'இயற்கைதானே, கெமிக்கலா சாப்பிட்டேன்?' என்கிறான்.
(தந்தை, திருப்பரங்குன்றம்)

காளான் செய்தாலும் கண்ணாடிக்குடுவையில் செய்தாலும் சைலோசிபின் ஒரே மூலக்கூறுதான். உடம்புக்குள் போனதும் பாஸ்பேட் தொகுதி கழன்று சைலோசினாகி வேலையைக் காட்டும். அதனால் 'கெமிக்கல் இல்லை' என்ற வாதம் நிற்காது. சட்டத்தின் பட்டியலில் சைலோசிபின் இருக்கிறது. முழுக்காளானை எப்படி எடைபோடுவது என்று நீதிமன்றங்களில் வாதம் நடந்திருக்கிறது என்பது உண்மைதான். ஆனால் ஜாமீன் வாங்கும் இடத்தில் போய் நின்றுகொண்டு வேதியியல் பேசும் நிலை உங்கள் மகனுக்கு வேண்டாம்.

வெளிநாட்டில் இதை மருந்தாகக் கொடுக்கிறார்களே என்பான். கொடுக்கிறார்கள். ஆஸ்திரேலியாவில் 2023 ஜூலையிலிருந்து, வேறு சிகிச்சைக்கு மசியாத மனச்சோர்வுக்கு, அனுமதி பெற்ற மனநல மருத்துவர்கள் தரலாம். ஆளைச் சோதித்து, அளந்து, பக்கத்திலேயே உட்கார்ந்து பார்த்துக்கொண்டு. மலை விளிம்பில், யாரோ கையில் திணித்த காளானில் இது எதுவுமே இல்லை. காட்டுக் காளானில் ஈரலைத் தின்றுவிடும் ரகங்களும் உண்டு, பார்வைக்கு வித்தியாசம் தெரியாது.

குடும்பத்தில் யாருக்காவது சித்தப்பிரமையோ, மனம் அதிகமாகப் பொங்கி அடங்கும் இருதுருவ நோயோ இருந்ததா என்று யோசியுங்கள். இருந்தால் அதை மகனிடம் மறைக்காமல் சொல்லிவிடுங்கள், ஆபத்து அவனுக்குத்தான் கூடுதல். அதட்டல் வேண்டாம், அடுத்த முறை சொல்லாமல் போவான். வெளியாளிடம் பேச வேண்டுமென்றால் போதை மீட்புக்கான 14446, மனநலத்துக்கான 14416 இரண்டும் இலவச எண்கள்.

ஊமத்தையும் இந்த வகைதானா? சிவனுக்கே சூட்டும் பூ என்று சொல்லி இங்கே சிலர் விதையை அரைத்துக் கலக்குகிறார்கள்.
(கிராம செவிலியர், உசிலம்பட்டி பக்கம்)

இல்லவே இல்லை. இதைத்தான் நான் எல்லாரிடமும் அழுத்திச் சொல்வேன். ஊமத்தையில் இருப்பவை ட்ரோப்பேன் ஆல்கலாய்டுகள்: அட்ரோபின், ஹயோசயமின், ஸ்கோபோலமின். இவை செரட்டோனின் பக்கமே போவதில்லை, நரம்புச் செய்தி கடத்தும் இன்னொரு பொருளான அசிட்டைல்கோலினை மறித்துவிடுகின்றன. சைக்கடெலிக் சாப்பிட்டவர் பெரும்பாலும் தான் காண்பது வினோதம் என்று அறிவார். ஊமத்தை சாப்பிட்டவருக்கு அந்த அறிவே போய்விடும், இல்லாத ஆளோடு உட்கார்ந்து பேசுவார். இது சன்னி. ஒரே செடியில் ஒரு காய்க்கும் இன்னொரு காய்க்கும் விஷத்தின் அளவு மாறும் என்பதால் 'கொஞ்சம்தான்' என்ற பேச்சே கிடையாது.

அறிகுறிகள் உங்களுக்குத் தெரிந்திருக்கும்: வாய் உலர்வு, விரிந்த கண்மணி, சிவந்து சூடேறிய உலர்ந்த தோல், சிறுநீர் இறங்காமை, வேகமான நாடி, பிதற்றல். விரலை விட்டு வாந்தி எடுக்க வைக்காதீர்கள், மோர், எலுமிச்சை என்று புகட்டவும் விடாதீர்கள். 108-ஐக் கூப்பிட்டு, ஆளை வெளிச்சமும் சத்தமும் இல்லாத இடத்தில் பத்திரமாக வைத்திருங்கள். போகும்போது அந்தச் செடியில் ஒரு கிளையையோ காயையோ பையில் போட்டுக் கொடுத்துவிடுங்கள். டூட்டி டாக்டர் பார்த்ததும் அடையாளம் தெரிந்துவிடும்.