தென்காசிப் பக்கத்துக் கிராம வரலாறு படிக்க எந்தப் புத்தகத்தில் தொடங்கலாம்?

கேள்வி கேட்டவர் தென்காசி மாவட்டத்துக் கிராமத்துக்காரர். எங்கள் வட்டாரத்தின் வரலாற்றைச் சொல்லும் நல்ல நூல்கள் எவை என்று கேட்டிருக்கிறார். நான் பல காலமாக ஆசையோடு படித்துவரும் விஷயம் இது என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

தென்காசி மாவட்டம் என்று தேடினால் பழைய நூல் எதுவும் அகப்படாது. அந்த மாவட்டமே 2019இல்தான் பிறந்தது. அதற்கு முன்பு அது திருநெல்வேலி. அந்தத் திருநெல்வேலியும் இன்று இருக்கிற அளவில் இல்லை. தூத்துக்குடி 1986 வரை அதற்குள் இருந்தது. ஸ்ரீவில்லிபுத்தூரும் சாத்தூரும் 1910இல் ராமநாதபுரம் மாவட்டம் உருவானபோது பிரிந்து போனவை. செங்கோட்டை திருவிதாங்கூரிலிருந்து 1956இல்தான் நம் பக்கம் வந்தது. அதனால் செங்கோட்டையைப் பற்றி அறிய நாகமையா 1906இல் வெளியிட்ட திருவிதாங்கூர் மானுவலைத்தான், அதாவது அந்த அரசின் விவரக் கையேட்டைத்தான், புரட்ட வேண்டும். ஆகவே முதல் வேலை, உங்கள் ஊர் எந்தக் காலத்தில் எந்த எல்லைக்குள் இருந்தது என்று பார்த்துக்கொள்வது. இது தெரியாமல் நூலகத்துக்குப் போனால் வெறுங்கையோடுதான் திரும்ப வேண்டியிருக்கும்.

தொடங்குவதற்கு நான் சொல்வது பாதிரியார் கால்டுவெல் 1881இல் எழுதிய திருநெல்வேலி சரித்திரம். தமிழ் மொழிபெயர்ப்பும் இருக்கிறது. பழங்காலத்தில் தொடங்கி, 1801இல் இந்தச் சீமை கும்பினியின், அதாவது கிழக்கிந்தியக் கம்பெனியின், கைக்குப் போனதோடு முடிகிறது. ஸ்டூவர்ட்டின் 1879ஆம் ஆண்டு மானுவலும் பேட் எழுதிய 1917ஆம் ஆண்டு கெசட்டியரும் (மாவட்ட விவரத் தொகுப்பு) அதிகாரிகள் அதிகாரிகளுக்காக எழுதியவை. அணைக்கட்டு, கால்வாய், தீர்வை, பஞ்சம் எல்லாம் அவற்றில் உண்டு. கெசட்டியரை முதல் பக்கத்திலிருந்து படிக்க வேண்டாம். கடைசிப் பகுதியில் தாலுகா வாரியாக ஊர்களைப் பற்றி எழுதியிருப்பார். உங்கள் தாலுகாவை முதலில் எடுங்கள். பிடித்துப்போனால் மற்றதைத் தானாகவே படிப்பீர்கள்.

கால்டுவெல் 1801ஆம் ஆண்டுப் பாஞ்சாலங்குறிச்சிப் போரைச் சொல்லும்போது, அதில் கும்பினிப் படையில் இருந்த வெல்ஷ் என்பவரின் நினைவுக் குறிப்புகளை நிறைய எடுத்தாளுகிறார். அந்தக் குறிப்புகளில் கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரையைப் பற்றி ஓர் இடம் வருகிறது. பாஞ்சாலங்குறிச்சி விழுந்தபின் ஒரு தாய் களத்தில் தன் மகனைத் தேடிப் போகிறாள். குற்றுயிராகக் கிடக்கும் மகன், என்னை விட்டுவிடு, பக்கத்தில் காயப்பட்டுக் கிடக்கும் சாமியைக் காப்பாற்று என்கிறான். பெண்கள் ஊமைத்துரையைத் தூக்கிக்கொண்டு போகிறார்கள். எட்டயபுரத்து ஆட்கள் தேடி வருவது தெரிந்ததும் அவர்மேல் துணியைப் போர்த்தி ஒப்பாரி வைத்து, பையன் அம்மை கண்டு செத்துப்போனான் என்கிறார்கள். வந்தவர்கள் அம்மைக்குப் பயந்து போய்விடுகிறார்கள். இதை எழுதி வைத்தவர் எதிர்ப்படையின் அதிகாரி! வெள்ளைக்காரன் எழுதியது நமக்கெதற்கு என்று ஒதுக்கிவிட்டால் அந்தத் தாயையும் சேர்த்து இழந்துவிடுவோம்.

அதே சமயம் அவர்களை மட்டும் நம்பி இருக்கவும் முடியாது. பேராசிரியர் நா. வானமாமலை பதிப்பித்த கட்டபொம்மு கதைப்பாடலையும் கான்சாகிபு சண்டை என்ற கதைப்பாடலையும் பக்கத்தில் வைத்துப் படிக்க வேண்டும். அவற்றில் ஆண்டுக்கணக்கு முன்பின்னாக இருக்கும். ஆனால் யாரை ஊர் கொண்டாடியது, யாரை ஏசியது என்பதை எந்த அரசாங்கக் காகிதமும் சொல்லாது. எட்டயபுரத்தார் கும்பினியோடு நின்றவர்கள். அவர்கள் தரப்பைச் சொல்ல 1879இல் வந்த வம்சமணி தீபிகை இருக்கிறது. ஒரே போரை இந்த மூன்று பக்கமிருந்தும் படித்துப் பாருங்கள் என்று வற்புறுத்தியே சொல்வேன்.

சாதிகளைப் பற்றிப் பாதிரிமார் எழுதியதில் மட்டும் கூடுதல் எச்சரிக்கை வேண்டும். கால்டுவெல்லே 1849இல் சாணார்களை (இன்றைய நாடார்களை)ப் பற்றி எழுதிய சிறுநூல் அந்த மக்களைப் புண்படுத்திப் பெரிய எதிர்ப்பைக் கிளப்பியது. அவர்கள் சொல்வதைத் தகவல் என்று எடுத்துக்கொள்ளலாம், தீர்ப்பு என்று எடுக்கக் கூடாது.

ராஜாக்களும் சண்டையும் போதும், சம்சாரிகளின், அதாவது விவசாயிகளின், கதை வேண்டும் என்றால் டேவிட் லட்டன் 1985இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட ஆய்வு நூல்தான். தாமிரபரணிப் பாசன நிலம், வானம் பார்த்த பூமி, இரண்டும் கலந்த குளத்துப் பாசனப் பகுதி என்று இந்தச் சீமையைப் பிரித்து, தண்ணீர் இருந்த விதத்துக்கேற்ப நிலவுடைமையும் அதிகாரமும் எப்படி மாறின என்று காட்டுகிறார். கொஞ்சம் கடினமான நடைதான். ஆனால் உங்கள் ஊர்க் குளம் யார் வெட்டியது, மடை யார் கையில் இருந்தது என்ற கேள்விகள் அதைப் படித்தபின் தானாக வரும்.

தமிழில் நாட்டார் வழக்காற்று ஆய்வாளர் ஆ. சிவசுப்பிரமணியன் எழுதியது எது கிடைத்தாலும் விடாதீர்கள். வ.உ.சி. காலத்துக்கு அவர் கைதானதும் திருநெல்வேலியில் வெடித்த 1908 எழுச்சி பற்றி ஆ.இரா. வேங்கடாசலபதி எழுதிய நூல்.

பழைய மானுவலும் கெசட்டியரும் காப்புரிமைக் காலம் கடந்தவை. இணையத்தில் இலவசமாகப் படிக்கலாம். இவற்றோடு உங்கள் கிராம நிர்வாக அலுவலகத்தில் இருக்கும் 'அ' பதிவேடு என்ற நிலக் கணக்கையும் பாருங்கள். எது குளம், எது ஓடை, எது மந்தைப் புறம்போக்கு என்று சர்வே எண்ணோடு இருக்கும். உங்கள் ஊர் ஊத்துமலையா, சொக்கம்பட்டியா, சிவகிரியா, எந்த ஜமீனைச் சேர்ந்தது என்று சொன்னால், எந்த நூலில் எந்தப் பகுதியில் வருகிறது என்று தேடிச் சொல்கிறேன்.