சூழல் ஆவணப்பட இயக்குநரின் வேலை என்ன? செய்தியாளரிடமிருந்து எப்படி வேறுபடுகிறார்?

நிலமும் நீரும் கடலும் கெடும்போது அங்கே வாழ்பவர்களுக்கு என்ன நேர்கிறது என்பதை, நடிகர்கள் இல்லாமல், அவர்கள் வாயாலேயே சொல்லக் கேட்டுப் பதிவு செய்பவர்தான் சூழல் ஆவணப்பட இயக்குநர்.

ஒரு படத்துக்கே ஆண்டுக்கணக்கில் ஆவதற்குக் காரணம், சூழல் கேடு மெதுவாக நடப்பது. கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணலில், தோரியம் என்ற கதிரியக்கத் தனிமம் கலந்த மோனசைட் என்ற தாது இருக்கிறது. அதன் கதிரியக்கம் கேமராவில் விழாது. தாதுக்களுக்காக அங்கே மணல் அள்ளுவதைப் பற்றி ஊராரின் மனத்தில் இருப்பதோ, இயக்குநர் பலமுறை அவர்கள் வீட்டுத் திண்ணையில் போய் உட்கார்ந்த பிறகே வெளியே வரும். 2017 நவம்பர் இறுதியில் ஒக்கி புயல் அதே மாவட்டத்தின் தூத்தூர், வள்ளவிளை, சின்னத்துறை மீனவர்கள் பலரைக் கொண்டுபோனது. உடல்கூடக் கிடைக்காத குடும்பங்களின் பாடு, செய்தி ஓய்ந்த பிறகும் ஓயவில்லை. இந்த வேலையின் உயிரே அந்தப் ‘பிறகு’தான் என்பேன்.

துக்க வீட்டுக்கு வந்து தலைகாட்டிப் போகிறவர் போன்றது அன்றைய செய்தி. பதினாறு முடியும்வரை கூடவே இருக்கும் உறவுக்காரர் போன்றது ஆவணப்படம். வருமானம் மட்டும் நிலையாக இராது.

மக்கள் பக்கம் நிற்பதால் இது பிரசாரம் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியல்ல, மணல் ஆலைச் சம்பளத்தில் அடுப்பெரியும் வீட்டுக்கும் போய் அவர்கள் சொல்வதையும் கேட்டால்தான் படம் முழுமையாகும்.