கண்ணாடி மேசைக்கு அடியில்

வணக்கம் ஐயா,

நீங்கள் சொன்னீர்களே என்று ‘டேனர் 88’ தொடரில் மூன்று பகுதிகள் பார்த்தேன். அமெரிக்க அதிபர் தேர்தலைக் கிண்டல் செய்யும் நகைச்சுவைத் தொடர் என்றார்கள். எனக்குச் சிரிப்பே வரவில்லை. யார் நடிகர், யார் நிஜ அரசியல்வாதி என்பதும் பிடிபடவில்லை. எனக்குத்தான் பார்க்கத் தெரியவில்லையா?

கல்லூரி மாணவன், திருநெல்வேலி

அன்புள்ள தம்பி,

உங்கள் மேல் தப்பில்லை. அந்தக் குழப்பம் வேண்டுமென்றே வைத்தது. கட்சிகள் தங்கள் அதிபர் வேட்பாளரை மாநிலம் மாநிலமாக ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்துக்கொண்டிருந்த 1988ஆம் ஆண்டில், அந்தக் கூட்டத்துக்குள்ளேயே போய் எடுத்த தொடர் அது. எழுதியவர் கேரி ட்ரூடோ, இயக்கியவர் ராபர்ட் ஆல்ட்மன். நியூ ஹாம்ப்ஷயர் மாநிலத்தில் பிப்ரவரி 16 வாக்குப்பதிவு. முந்தின நாள்தான் எச்.பி.ஓ. தொலைக்காட்சியில் முதல் பகுதி வந்தது. மைக்கேல் மர்ஃபி நடித்த வேட்பாளர் ஜாக் டேனரும் அவர் குழுவும் கற்பனை. ஆனால் அவர் கைகுலுக்கும் பாப் டோல், அந்த ஆண்டு வேட்பாளராகப் போட்டியிட்ட நிஜமான அரசியல்வாதி பாப் டோலேதான்.

சரி, சிரிப்புக்கு வருவோம். முதல் பகுதியை இன்னொரு தடவை பாருங்கள். டேனரைப் பற்றி எடுத்த பிரசாரப் படம் யார் மனதிலும் ஒட்டவில்லை. அப்புறம் ஒரு ஓட்டல் அறையில், களைத்துப்போன தன் ஆட்களிடம் அவர் மனம்விட்டுப் பேசுகிறார். கேமராக்காரர் சத்தமில்லாமல் தரையில் படுத்து, கண்ணாடி மேசைக்கு அடியிலிருந்து அதைப் படம்பிடிக்கிறார். டேனருக்குத் தெரியாது. அதுவே விளம்பரமாகிறது, ‘ஃபார் ரியல்’, அதாவது நிஜமான ஆள், என்பதுதான் கோஷம்! அந்த மனிதர் உள்ளபடியே நல்லவர். உண்மையைத்தான் பேசினார். அந்த உண்மையையே திருடித்தான் அவரை விற்க வேண்டியிருக்கிறது. எத்தனை முறை பார்த்தாலும் எனக்குச் சிரிப்பும் வரும், நெஞ்சும் அடைக்கும்.

வேட்பாளரை முட்டாளாகக் காட்டி நம்மைச் சிரிக்க வைப்பது எளிது. ஆல்ட்மன் அதைச் செய்யவில்லை என்பதால்தான் இந்தத் தொடரை நான் இவ்வளவு மதிக்கிறேன்.

டெட்ராய்ட் போகும் பகுதியில் மட்டும் சிரிப்பைத் தேடாதீர்கள். துப்பாக்கிச் சூட்டில் பிள்ளைகளைப் பறிகொடுத்த தாய்மார்கள் பேசுவார்கள். அவர்கள் நடிகைகள் இல்லை. டேனர் அங்கே வாயடைத்து உட்கார்ந்திருப்பார்.

மொத்தம் 11 பகுதிகள்தான். கட்சி தன் வேட்பாளரை முடிவுசெய்யும் அட்லாண்டா மாநாடு வரை பார்த்துவிட்டு மறுபடி எழுதுங்கள், தம்பி.