செண்பகவல்லியா, சண்பகவல்லியா?

கேள்வி: பேத்திக்குச் செண்பகவல்லி என்று பெயர் வைக்கப்போகிறோம். 'சண்பகவல்லி'தான் சரி என்கிறார்களே?

பதில்: பழைய வடிவம் சண்பகம்தான். 'சம்பகம்' என்ற வடசொல்லிலிருந்து வந்தது. குறிஞ்சிப்பாட்டில் கபிலர் அடுக்கும் 99 பூக்களில் 'பெருந்தண் சண்பகம்' உண்டு. பின்னர் முதலெழுத்து 'செ' ஆகி, கோவில்பட்டி அம்மன் பெயரிலும் செண்பகவல்லி என்றே நிலைத்துவிட்டது. ஆகவே தயங்காமல் வையுங்கள். வல்லி என்றால் கொடி. செண்பகமோ நெடிய மரம், பூ மஞ்சளும் ஆரஞ்சுமாக மணக்கும். தாவரவியல் பார்த்துப் பெயர் வைப்பவர் யார்!

சிக்கல் ஆங்கில எழுத்தில்தான். எஸ் மட்டுமா, எஸ்ஸோடு ஹெச்சும் சேருமா என்று முதலிலேயே முடிவுசெய்யுங்கள். பிறப்புச் சான்றிதழில் ஒன்று, ஆதாரில் வேறொன்று என்றிருந்தால் பாஸ்போர்ட் எடுக்கும்போது அலையவேண்டும். பிறப்பைப் பதிந்த 12 மாதத்துக்குள் பெயரைச் சேர்த்தால் கட்டணமில்லை.