ஊட்டி மலை ரயில், பழைய கார் ரேஸ் மாதிரி விஷயங்களை ஆவணப்படமாக எடுக்க ஆசை. எங்கிருந்து தொடங்குவது?

மலை ரயிலிலிருந்தே தொடங்குங்கள். ஆனால் கேமராவைத் தூக்குவதற்கு முன் காதைத் தீட்டிக்கொள்ளுங்கள்.

குன்னூரில் இருந்துகொண்டு பல வருடங்களாக இதைத்தான் செய்கிறேன். (சோறு போடுவது கல்யாண வீடியோ, அதை விடுங்கள்.) முதல் படத்தில் புகையாகவே எடுத்துத் தள்ளினேன். ஹில்குரோவ் ஸ்டேஷனில் குரங்கு, பாலத்தில் ரயில், குகையில் ரயில். ரயில் இன்ஜின்களைப் பராமரிக்கும் லோகோ ஷெட்டில் ஃபிட்டராக இருந்து ரிட்டயரான பெரியவர் ஒருவரிடம் போட்டுக் காட்டினேன். பார்த்துவிட்டு, "தம்பி, கல்லாறு தாண்டினா சத்தம் மாறணுமே, எங்க?" என்றார். கேமரா மைக்கில் பதிந்திருந்தது காற்று இரைச்சல் மட்டும்தான்.

அவர்தான் விளக்கினார். மேட்டுப்பாளையத்திலிருந்து கல்லாறு வரை சாதாரணப் பாதை. அதற்கு மேல் சுமார் 12 அடிக்கு 1 அடி வரை ஏற்றம். தண்டவாளங்களுக்கு நடுவே இரண்டு பல்சட்டங்கள் இருக்கும். ஒன்றில் பல் இருக்கும் இடத்தில் மற்றதில் பள்ளம், அதனால் பிடி விடாது. சுவிட்சர்லாந்து வடிவமைப்பில் வந்த எக்ஸ் வகுப்பு இன்ஜினில் நான்கு சிலிண்டர்கள். கீழே உள்ள இரண்டும் சக்கரத்தை ஓட்டும். அவை பயன்படுத்திவிட்ட நீராவியே மேலே உள்ள இரண்டுக்கும் போய்ப் பல்சக்கரத்தைச் சுழற்றும். சமதளத்தில் மேல் ஜோடிக்கு வேலை கிடையாது. ஏற்றத்தில் அதுவும் சேர்ந்ததும் இன்ஜினின் மூச்சே வேறு மாதிரி ஆகிவிடும். 1899-ல் குன்னூர் வரையும் 1908-ல் ஊட்டி வரையும் பாதை வந்தது, 2005-ல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது என்பதையெல்லாம் எல்லாப் படமும் சொல்லும். இந்தச் சத்தத்தை யாரும் கேட்க வைப்பதில்லை.

அப்புறம் பிரேக்ஸ்மேன்கள், அதாவது பெட்டிகளில் நின்று பிரேக் பிடிப்பவர்கள். ஏற்றத்தில் இன்ஜின் பின்னாலிருந்து தள்ளுவதால் டிரைவருக்கு முன்பாதை தெரியாது. முதல் பெட்டியின் முன்மேடையில் கொடியோடு நிற்பவர்தான் அவருக்குக் கண். ஒரு நாள் முழுக்க அவர் கையை மட்டும் எடுத்தாலே பாதிப் படம் கிடைத்துவிடும்.

கார் ரேஸுக்கும் இதே வழிதான். சென்னைப் பக்கத்துச் சோழவரம் பழைய விமான ஓடுதளத்தில் இப்போது ரேஸ் கிடையாது. காலி மைதானத்தை எடுத்து என்ன பயன்? கோவைக்கு இறங்குங்கள். மாருதி 800 இன்ஜினை வைத்து ஒற்றை இருக்கை ரேஸ் கார் செய்த கரிவர்தனின் ஊர் அது. செட்டிபாளையம் டிராக்குக்கு அவர் பெயர்தான். பழைய மெக்கானிக்குகளைத் தேடிப் பிடித்து, கேள்வி கேட்காமல் கையில் ஒரு கார்புரேட்டரைக் கொடுத்துப் பாருங்கள். தானாகப் பேசுவார்கள்.

ரயில் நிலையத்திலும் பாதையிலும் படம் எடுக்க ரயில்வே அனுமதி கட்டாயம், முன்கூட்டியே விண்ணப்பியுங்கள். ஐப்பசி, கார்த்திகையில் மட்டும் வராதீர்கள். மண் சரிந்தால் ரயில் ரத்து, நீங்கள் லாட்ஜில் உட்கார்ந்து வர்க்கி தின்ன வேண்டியதுதான்.