பேரனுக்கு ‘விளாதிமிர் இலியிச்’ என்று பெயர் வைக்கலாமா?

கேள்வி: எங்களுக்குப் போன மாதம் ஆண் குழந்தை பிறந்தது. என் மாமனார் மில் தொழிற்சங்கத்தில் காலமெல்லாம் உழைத்தவர். பேரனுக்கு ரஷ்யப் புரட்சித் தலைவர் லெனினின் நினைவாக ‘விளாதிமிர் இலியிச்’ என்றுதான் பெயர் வைக்க வேண்டும் என்கிறார். எனக்கும் மனைவிக்கும் மறுப்பில்லை. ஆனால் இணையத்தில் தேடினால் ஓரிடத்தில் ‘உலகை ஆள்பவன்’ என்றும் இன்னோரிடத்தில் ‘அமைதியை ஆள்பவன்’ என்றும் பொருள் போட்டிருக்கிறது. எது சரி? இது கிறிஸ்தவப் பெயரா? உக்ரைனில் போர் நடந்த காலத்தில் இப்படிப் பெயர் வைத்தால் பையன் பிறகு சங்கடப்படுவானா? வீட்டில் எப்படிச் சுருக்கிக் கூப்பிடுவது? – கோவை வாசகர்

பதில்: மாமனார் சொன்னதில் பாதிக்கு உடனே சம்மதம் சொல்லிவிடுங்கள். ‘விளாதிமிர்’ ஆயிரம் வருடங்களுக்கு மேல் புழக்கத்தில் இருக்கும் பெயர், தாராளமாக வைக்கலாம். ‘இலியிச்’ மட்டும் வேண்டாம். அதில் அரசியல் எதுவும் இல்லை, உங்கள் பெயர்தான் பிரச்சினை.

ரஷ்யர்களின் முழுப்பெயரில் மூன்று பகுதிகள் உண்டு. முதலில் சொந்தப் பெயர், நடுவில் அப்பாவின் பெயரிலிருந்து செய்த பெயர், கடைசியில் குடும்பப் பெயர். லெனினின் முழுப்பெயர் விளாதிமிர் இலியிச் உல்யானவ். அவருடைய அப்பா இலியா உல்யானவ், சிம்பிர்ஸ்க் மாகாணத்தில் பள்ளிகளை மேற்பார்வை செய்த அதிகாரி. இலியாவின் மகன் என்பதால் இலியிச். தூக்கிலிடப்பட்ட அண்ணன் அலெக்சாந்தரும் இலியிச்தான், தம்பி திமீத்ரியும் இலியிச்தான். நம் ஊரில் பெயருக்கு முன்னால் போடும் இனிஷியலை அப்படியே விரித்துப் பின்னால் எழுதினால் எப்படி இருக்குமோ, அப்படி. புடினின் முழுப்பெயரைப் பாருங்கள்: விளாதிமிர் விளாதிமிரவிச். அப்பாவுக்கும் மகனுக்கும் ஒரே பெயர் என்று அதிலேயே தெரிந்துவிடும்.

ஆக, உங்கள் பையனுக்கு ‘இலியிச்’ என்று சேர்த்தால், ரஷ்ய மொழி தெரிந்த யாரும் அவனைப் பார்த்ததும் “அப்பா பெயர் இலியாவா?” என்றுதான் கேட்பார்கள். உங்கள் பெயர் முருகன் என்று வைத்துக்கொண்டால், அந்த ஊர்க் கணக்கில் அவன் விளாதிமிர் முருகனோவிச்! நம் பழைய தோழர்கள் ‘இலியிச்’ என்று தனியாகவே பாசத்தோடு சொல்வது ஏன் என்றால், ரஷ்யாவில் சாதாரண ஜனங்கள் பெரியவர்களை உரிமையோடு அழைக்கும்போது அப்பா வழிப் பெயரை மட்டும் சொல்வார்கள். லெனினைத் தொழிலாளர்கள் அப்படித்தான் சொன்னார்கள். அந்த உரிமை அவரோடு பழகிய நாக்குக்குப் பொருந்தும், பிறப்புச் சான்றிதழுக்குப் பொருந்தாது.

இன்னொன்றையும் மாமனாரிடம் சொல்லலாம், சந்தோஷப்படுவார். தமிழ்நாட்டில் லெனின் என்று எத்தனையோ பேர் இருக்கிறார்கள். அது அவர் எழுதுவதற்கு வைத்துக்கொண்ட புனைபெயர். அம்மா கூப்பிட்ட பெயரை எடுத்திருப்பவர் உங்கள் மாமனார்தான்.

சரி, பொருளுக்கு வருவோம். இணையத்தில் நீங்கள் பார்த்த இரண்டுமே பிற்காலத்து விளக்கங்கள். ரஷ்யர், உக்ரைனியர், போலந்துக்காரர் முதலிய ஸ்லாவிய மக்களின் பழைய பெயர்கள் பெரும்பாலும் இரண்டு சொற்களை ஒட்டிச் செய்தவை. யாரொஸ்லாவ், ஸ்வியாத்தொஸ்லாவ், மிஸ்திஸ்லாவ் என்று வரிசையாக முடியும் பெயர்களில் வரும் ‘ஸ்லாவ்’ என்றால் புகழ். விளாதிமிரில் முதல் பாதி ‘ஆளுதல், அதிகாரம்’. இதில் சந்தேகமே இல்லை. குழப்பம் எல்லாம் இரண்டாவது பாதியில்தான்.

பழைய ஏடுகளில் இந்தப் பெயர் ‘வொலொதிமேர்’ என்று இருக்கிறது, முடிவில் ‘மிர்’ இல்லை. ‘மேர்’ என்பதற்குப் ‘பெரிய, பேர்பெற்ற’ என்று பொருள். பழைய ஜெர்மானிய மொழிகளிலும் இதற்கு உறவான சொல் உண்டு. ‘ஆட்சியில் பெரியவன்’ அல்லது ‘ஆட்சியால் பேர்பெற்றவன்’ என்பதுதான் மூலப் பொருளுக்கு மிக அருகில் வரும். காலப்போக்கில் ‘மேர்’ மக்களுக்குப் புரியாமல் போனது. பக்கத்திலேயே ‘மிர்’ என்று தினமும் பேசும் சொல் இருந்தது. நாக்கு அதற்கே போய்விட்டது. அந்த ‘மிர்’ என்ற ஒலிக்கு ரஷ்ய மொழியில் உலகம், அமைதி என இரண்டு பொருள்கள். 1918 எழுத்துச் சீர்திருத்தம் வரை இவை இரண்டையும் வேறு வேறு ‘இ’ போட்டு எழுதினார்கள், அதற்குப் பிறகு எழுத்தும் ஒன்றாகிவிட்டது. உலகை ஆள்பவன், அமைதியை ஆள்பவன் என்ற இரண்டு விளக்கங்களும் இப்படி வந்தவைதான். இன்றைய ரஷ்யரைக் கேட்டால் அவரும் இரண்டில் ஒன்றைத்தான் சொல்வார். தப்பென்று சண்டை போட வேண்டியதில்லை, ஆனால் பெயர்சூட்டு விழா அழைப்பிதழில் பொருள் அச்சடிப்பதாக இருந்தால் ‘ஆட்சியால் பேர்பெற்றவன்’ என்றே போடுங்கள்.

கிறிஸ்தவப் பெயரா என்பது நல்ல கேள்வி. பிறக்கும்போது இல்லை, பிறகு ஆனது.

சரித்திரத்தில் நமக்கு நன்றாகத் தெரிந்த ஆரம்பகால விளாதிமிர், பல்கேரியாவை 889 முதல் 893 வரை ஆண்டவர். அப்பா போரிஸ் நாட்டையே கிறிஸ்தவமாக்கிவிட்டு மடத்துக்குப் போனார். மகன் பழைய தெய்வங்களைத் திரும்பக் கொண்டுவரப் பார்த்தார். அப்பா மடத்திலிருந்து இறங்கி வந்து, மகனின் கண்களைக் குருடாக்கி, பட்டத்தைப் பறித்து, இன்னொரு மகனுக்குக் கொடுத்துவிட்டுத் திரும்பிப் போய்விட்டார்.

அதற்கு நூறு வருடம் கழித்து, இன்று உக்ரைனின் தலைநகராக இருக்கும் கீவ் நகரை ஆண்ட விளாதிமிர் இதற்கு நேர் எதிர். இந்தப் பெயர் இன்றுவரை நிலைத்திருப்பது அவரால்தான். அவரும் ஆரம்பத்தில் பழைய சமயத்துக்காரர். மரத்தில் செதுக்கி, வெள்ளித் தலையும் பொன் மீசையும் வைத்த பெரூன் என்ற இடி தெய்வத்தைக் குன்றின் மேல் நிறுத்தியவர். பிறகு எந்த மதத்துக்கு மாறலாம் என்று அவர் விசாரித்த கதையைப் பழைய ரஷ்ய நாளாகமம் (வருட வாரியாக எழுதிய சரித்திர ஏடு) விஸ்தாரமாகச் சொல்கிறது. இஸ்லாத்தில் மது கூடாது என்று கேட்டதும், குடிதான் எங்கள் மக்களின் மகிழ்ச்சி, அது இல்லாமல் முடியாது என்றாராம். கடைசியில் 988 வாக்கில் கிறிமியாவின் கேர்சன் நகரில் பைசாந்திய (கிழக்கு ரோமப் பேரரசின்) முறைப்படி ஞானஸ்நானம் பெற்று, பைசாந்தியப் பேரரசர் இரண்டாம் பசிலின் தங்கை அன்னாவை மணந்தார். கீவுக்குத் திரும்பியதும், தான் நிறுத்திய அதே பெரூனைக் குதிரை வாலில் கட்டி இழுத்து, பன்னிரண்டு பேரை விட்டுத் தடியால் அடிக்கச் சொல்லி, நீப்பர் ஆற்றில் தள்ளவிட்டார். மரத்துக்கு வலிக்கும் என்பதற்காக இல்லை, அதற்குள் இருந்து மக்களை ஏமாற்றிய பேய்க்கு அவமானமாக இருக்கட்டும் என்பதற்காக அடித்தார்கள் என்று நாளாகமம் எழுதியவர் கவனமாக விளக்கம் வேறு கொடுக்கிறார்.

இதில் உங்களுக்கு வேண்டிய செய்தி இதுதான்: ஞானஸ்நானத்தின்போது அவருக்கு விளாதிமிர் என்ற பெயரைக் கொடுக்கவில்லை. பேரரசர் பசிலின் பெயரைத் தழுவி ‘வசீலி’ என்று வைத்தார்கள். ஸ்லாவியப் பெயர் சபையின் கணக்கில் சேராது, புனிதர் பட்டியலில் இருக்கும் பெயர்தான் செல்லும். அதனால் ரொம்ப காலம் இளவரசர்களுக்கு ஊருக்கு ஒரு பெயர், சபைக்கு ஒரு பெயர் என்று இரண்டு இருந்தன. அவருடைய மகன் யாரொஸ்லாவுக்கு ஞானஸ்நானப் பெயர் கியோர்கி. 13ஆம் நூற்றாண்டு வாக்கில் விளாதிமிரைப் புனிதராக வணங்க ஆரம்பித்த பிறகு, ‘விளாதிமிர்’ புனிதர் பட்டியலுக்குள்ளேயே போய்விட்டது. அந்த வாய்ப்புக் கிடைக்காத பழைய ஸ்லாவியப் பெயர்கள் பல மெல்ல மெல்ல அருகிப்போயின. ரஷ்யத் திருச்சபை அவர் நினைவுநாளை இன்றைய காலண்டரில் ஜூலை 28 அன்று கொண்டாடுகிறது.

எனவே மதம் பற்றிய தயக்கம் வேண்டாம். கீவில் யூதக் குடும்பத்தில் பிறந்த பியானோ மேதை ஹோரோவிட்ஸும் விளாதிமிர்தான். யூதப் பெற்றோருக்குப் பிறந்த உக்ரைன் அதிபர் செலென்ஸ்கிக்கும் அதே பெயர், உக்ரைனிய வடிவில் ‘வொலொதிமிர்’. பெலாரஸில் ‘உலாத்சிமிர்’, போலந்தில் ‘விவொஜிமியெஷ்’ (இதை மாமனாரிடம் சொல்லச் சொல்லிப் பாருங்கள்). டென்மார்க் அரசர் முதலாம் வால்தெமார் 1131இல் பிறந்தபோது, கீவை ஆண்ட தன் கொள்ளுத்தாத்தா விளாதிமிர் மனமாஹின் பெயரைத்தான் பெற்றார். அம்மா வழியில் போன பெயர் அது.

போர் பற்றிக் கேட்டீர்கள். போரின் இரண்டு பக்கத்துத் தலைவர்களுக்கும் ஒரே பெயர் என்பதே பாதிப் பதில். உக்ரைனின் ஒரு ஹ்ரிவ்னியா நாணயத்தில் இருப்பவர் அந்தக் கீவ் இளவரசர்தான். கீவில் ஆற்றைப் பார்த்தபடி சிலுவையோடு அவர் நிற்கும் சிலை 1853இல் வைத்தது. மாஸ்கோவில் கிரெம்ளினுக்குப் பக்கத்தில் 2016இல் இன்னும் பெரிய சிலையாக வைத்தார்கள். அவர் யாருடைய மூதாதை என்பதில் இரண்டு நாடுகளுக்கும் வழக்கு உண்டு. ஆனால் பெயரை விட்டுக்கொடுக்க இரண்டு பேருமே தயாராக இல்லை. நாளைக்கு உங்கள் பையன் உக்ரைனியர் ஒருவரோடு வேலை பார்த்தாலும், ‘லெனின்’ என்ற பெயர்தான் அவரைச் சற்று நெளிய வைக்கும், ‘விளாதிமிர்’ அந்த அளவுக்குச் செய்யாது. ஒன்றே ஒன்று: அவர்கள் ஊர்க்காரர்களைக் குறிக்கும்போது ‘வொலொதிமிர்’ என்று சொல்வது மரியாதை. நம் ஊரில் செஸ் பார்ப்பவர்களுக்கு இந்தப் பெயர் இன்னொரு வழியிலும் பழக்கம். 2008இல் பான் நகரில் ஆனந்த் தோற்கடித்த கிராம்னிக்கும் ஒரு விளாதிமிர்.

செல்லப் பெயருக்கு ‘விளாத்’ என்று மட்டும் போகாதீர்கள். ரஷ்யாவில் அது வழக்கமாக விளாதிஸ்லாவ் என்ற வேறு பெயரின் சுருக்கம். ருமேனியாவில் அது தனிப்பெயர், டிராகுலா கதையோடு ஒட்டிக்கொண்ட ‘விளாத்’. வேண்டாமே! விளாதிமிருக்கு உரிய சுருக்கம் ‘வொலோத்யா’, லெனினை வீட்டில் அப்படித்தான் கூப்பிட்டார்கள். இன்னும் சின்னதாக வேண்டும் என்றால் ‘வோவா’. இரண்டே எழுத்து, பாட்டி வாய்க்கும் வரும். ‘வோவச்கா’ என்று நீட்டினால் கொஞ்சல், ஆனால் ரஷ்ய ஜோக்குகளில் வாத்தியாரம்மாவைத் திணறடிக்கும் வாலுப்பையன் பெயரும் வோவச்காதான். நம் பள்ளிக்கூடத்தில் வரப்போகும் பட்டப்பெயர் இதையெல்லாம் விடச் சுலபமாக ஊகிக்கக்கூடியது: விளாம்பழம். அதற்கு நான் ஒன்றும் செய்ய முடியாது.

எழுதுவது எப்படி? பத்திரிகைகளில் ‘விளாடிமிர்’ என்றும் வருகிறது, பழைய சோவியத் மொழிபெயர்ப்புகளில் ‘விளாதிமிர்’ என்றும் வரும். ரஷ்ய உச்சரிப்பில் நாக்கு பல்லைத் தொடுவதால் ‘தி’தான் நெருக்கம். அழுத்தமும் அந்த எழுத்தில்தான், விளா-தீ-மிர். ஆங்கிலத்தில் வி, எல், ஏ, டி, ஐ, எம், ஐ, ஆர். எண் கணிதக்காரர் யாராவது நடுவில் ஒரு ‘ஹெச்’சோ இரட்டை ‘ஈ’யோ சேர்க்கச் சொல்வார். சேர்த்தால் பையன் ஆயுள் முழுக்க ஒவ்வொரு கவுன்ட்டரிலும் ஸ்பெல்லிங் சொல்லிக்கொண்டிருப்பான்.

பிறப்புப் பதிவில் குழந்தையின் பெயரை முதல் ஒரு வருடத்துக்குள் கட்டணம் இல்லாமல் சேர்த்துக்கொள்ளலாம். அவசரம் இல்லை, மாமனாரோடு உட்கார்ந்து பேச நேரம் இருக்கிறது. பதியும்போது தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுத்தைச் சரிபார்த்து, பெயரை ‘விளாதிமிர்’ என்று மட்டும் கொடுத்து, இனிஷியலுக்கு உங்கள் பெயரின் முதலெழுத்தைப் போடுங்கள்.